மங்கி கேப் மனிதனின் பெயர்

தினேஷ்,

இந்தக் கடிதம் உனக்குத்தான். ஆனால் நீ படிப்பதற்கு முன்பே செஞ்சி பஸ் ஸ்டாண்டில் நிற்கிறவர்கள் படித்திருப்பார்கள். அதற்காக வருத்தப்படாதே. உனக்கு மட்டும் சொல்ல வேண்டியதை உனக்கு மட்டும் சொல்ல முயன்று தோற்ற பிறகுதான் இதை எழுதுகிறேன். செவ்வாய்க்கிழமை நான் போன் செய்து, "அந்த வீடியோ விஷயமா ஒண்ணு சொல்லணும்டா" என்றபோது, "ம்மா, ஸ்பாய்லர் சொல்லாத. ஞாயித்துக்கெழம எல்லாரும் பாக்கும்போது நீயும் பாரு" என்று வைத்துவிட்டாய். அதற்குப் பிறகு நான் அழைத்தபோதெல்லாம் எடிட்டிங்கில் இருந்தாய். ஆகவே பஸ் ஸ்டாண்டுக்கு எதிர்ச் சுவரில் இதை ஒட்டுகிறேன். யாராவது போட்டோ எடுத்து உனக்கு அனுப்பாமல் இருக்க மாட்டார்கள். கடிதம் கொஞ்சம் நீளம். பரவாயில்லை, நின்று படிப்பவர்களில் யாருடைய பஸ்ஸும் அதற்குள் வந்துவிடப் போவதில்லை.

நேரே விஷயத்துக்கு வருகிறேன். ஞாயிற்றுக்கிழமை மாலை மங்கி கேப் மனிதன் யார் என்று உன் சேனலில் சொல்லப்போகிறாய். நீ சொல்லப்போகிற பெயர் தப்பு. அது தப்பு என்று தெரிவதற்குள் ஒரு மனிதரின் கையோ காலோ போய்விடும் என்று பயப்படுகிறேன்.

வெளியூரிலிருந்து வந்து இந்தச் சுவரைப் படிப்பவர்களுக்காக ஒரு வார்த்தை. போன மார்கழியில் தொடங்கி, இதே சுவரில் அவ்வப்போது காலையில் ஒரு போஸ்டர் முளைக்கும். ஏரிக்குள் நிற்கும் லாரி, அதில் மண் அள்ளிப் போடும் எந்திரம், தெளிவாகத் தெரியும் நம்பர் பிளேட். கீழே ஒரே வரி: 'இந்த ஏரி உங்களுடையது. இந்த லாரி யாருடையது?' யார் ஒட்டுகிறார்கள் என்று தெரியாது. எதிரே இருக்கும் செல்போன் கடையின் கேமராவில் ஒரே ஒரு முறை ஓர் உருவம் விழுந்தது. தொளதொள ஸ்வெட்டர், கண்ணைத் தவிர மற்றதையெல்லாம் மூடிய மங்கி கேப், கையில் ஒரு வாளி. உலகத்தில் மற்ற ஊர்களின் வீரர்களுக்கு இறுக்கமான உடையும் பின்னால் பறக்கிற துணியும் கிடைத்தன. நம் ஊர் வீரனுக்குக் கிடைத்தது பனிக்குப் போடுகிற கம்பளிக் குல்லாய். பிள்ளைகள் பெயர் வைத்துவிட்டார்கள். அதிகாரிகள் ஜீப்பில் வந்தார்கள். லாரிகள் நின்றன, இப்போதைக்கு. லாரிகளின் சொந்தக்காரர்கள் அன்றிலிருந்து ஒரே ஒரு கேள்வியைத்தான் ஊரெல்லாம் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். அதே கேள்வியைச் சென்னையில் உட்கார்ந்து நீயும் கேட்கிறாய். நீ ரசனைக்காகக் கேட்கிறாய் என்பது எனக்குத் தெரியும். பதிலைக் கேட்டுக்கொண்டிருப்பவர்களுக்கு அந்த வித்தியாசம் தெரியாது.

உன் சேனலை நான் ஒன்று விடாமல் பார்க்கிறேன். நீயும் முகத்தில் பாதி முகமூடி போட்டுக்கொண்டு, முகமூடி போட்டவர்கள் துப்பறிகிற படங்களைப் பற்றிப் பேசுகிறாய். நன்றாகவே பேசுகிறாய். காரைத் தூக்கி எறிகிறவனுக்கு யோசிக்கத் தேவையில்லை, அதனால் அவனை நமக்குப் பிடித்தாலும் அவன் நம்மவன் இல்லை. பறக்கத் தெரிந்த ஒருவன் தரையில் மண்டியிட்டு ஒரு சிகரெட் துண்டை உற்றுப் பார்க்கிறானே, அந்த இடத்தில்தான் அவன் நமக்குச் சமமாகிறான் என்று ஒருமுறை சொன்னாய். கிளை நூலகத்தில் இருபத்தைந்து வருடம் துப்பறியும் கதைகளுக்கு அட்டை போட்டவள் என்ற தகுதியில் சொல்கிறேன், அதைவிட நன்றாக யாரும் சொல்லி நான் படித்ததில்லை. ஆனால் அந்தப் படங்களில் ஒன்றை நீ கவனிக்கவில்லை. முதல் பாதியில் ஒருவரைத் தப்பாகச் சந்தேகப்படுவார்கள். கதவை உடைப்பார்கள், சட்டையைப் பிடிப்பார்கள். பிறகு உண்மை தெரிந்ததும் வீரன் ஜன்னல் வழியாகக் குதித்து அடுத்த துப்பைத் தேடிப் போய்விடுவான். அந்த ஆள் என்ன ஆனான்? கதவை யார் செய்து கொடுத்தார்கள்? பக்கத்து வீட்டார் அவனோடு மறுபடி பேசினார்களா? எந்தப் படமும் காட்டியதில்லை. அவனுக்கு இரண்டாம் பாதி எழுதப்படவில்லை. நம் ஊரில் எல்லாரும் இரண்டாம் பாதியிலும் இருந்தாக வேண்டும், தினேஷ். அதே தெருவில், அதே ரேஷன் கியூவில்.

ட்ரெய்லர் என்று நீ போட்ட ஒரு நிமிஷத்தில் மூன்று துப்புகள் கொடுத்திருக்கிறாய். பசையில் மயில்துத்தம் என்கிற நீல உப்பு கலந்திருக்கிறது. உருவம் இடது காலைக் கொஞ்சம் இழுத்து நடக்கிறது. மூன்றாவது, பெருமையோடு சொன்னாய்: "இவருக்கு எல்லாம் தெரியும், ஆனா எதையும் வெளிய சொல்லாம இருக்கிறதே இவரோட தொழிலா இருந்துச்சு." நீ பெயரைச் சொல்லவில்லை என்று நினைத்துக்கொண்டிருக்கிறாய். இந்த மூன்றையும் கூட்டினால் செஞ்சியில் ஒரே ஓர் ஆள்தான் வருவார். ஜமால் பாய். உன் வீடியோவுக்குக் கீழே அன்று மாலையே ஒருவர், 'பழைய தியேட்டர் கேன்டீனா ப்ரோ?' என்று கேட்டுவிட்டார். நீ அதற்குக் கண்ணடிக்கிற பொம்மை ஒன்றைப் போட்டாய். அதற்கு அடுத்தாற்போல் நெருப்புப் படமும் இதயப் படமுமாக, 'அண்ணா, பேர மட்டும் சீக்கிரம் சொல்லுங்க' என்று எழுதியிருக்கிறானே, உன் தீவிர ரசிகன், அவன் யார் தெரியுமா? மண் லாரி முதலாளியின் அக்கா மகன். எனக்கு அவனை நன்றாகத் தெரியும். பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது நூலகத்திலிருந்து படக்கதைப் புத்தகம் ஒன்றை எடுத்துப்போனவன். இன்னும் திருப்பித் தரவில்லை.

ஜமால் பாயை நீ எங்கிருந்து எடுத்தாய் என்பதும் எனக்குத் தெரியும். நம் இடைவேளைகளிலிருந்து எடுத்தாய். இப்போது கல்யாண மண்டபமாக இருக்கிற அந்தத் தியேட்டரில், டப்பிங் படங்கள் மெட்ராஸில் ஓடி முடித்துக் களைத்த பிறகு வந்து சேரும். உன் நைனா டைட்டில் ஓடும்போதே தூங்கிவிடுவார். நாம் இருவரும் இடைவேளையில் கேன்டீனுக்குப் போவோம். காலையில் பசை வாளியோடு ஊரெல்லாம் போஸ்டர் ஒட்டுகிற ஜமால் பாய்தான் மத்தியானம் முதல் அங்கே டீயும் போண்டாவும் விற்பார். வெள்ளிக்கிழமை முதல் ஆட்டத்திலேயே அவருக்குக் குற்றவாளி யார் என்று தெரிந்துவிடும். அந்த வாரம் முழுக்க, இடைவேளைக்கு இடைவேளை, ஊர் மொத்தமும் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டே டீ குடிக்கும். முகத்தில் ஒன்றும் இருக்காது. கேன்டீன்காரன் வாயைத் திறந்தால் பாதிப் பேர் வீட்டுக்குப் போய்விடுவார்கள் என்று முதலாளி அவருக்கு முதல் நாளே சொல்லியிருந்தாராம். நீ உன் ஆளைச் சொல்வாய், நான் என் ஆளைச் சொல்வேன். அவர் இரண்டு பேருக்கும் ஒரே மாதிரித் தலையாட்டுவார். படம் விட்டு வெளியே வரும்போது, ஜெயித்தவர் கையில் டீயில் தோய்த்துத் தின்கிற ஒரு பொறை இருக்கும். தீர்ப்பு அவ்வளவுதான்.

ஒரு படம் உனக்கு ஞாபகம் இருக்கும். சுவர்களை ஊடுருவிப் பார்க்கத் தெரிந்த ஒரு வீரன். பூட்டிய அறைகளிலிருந்து ஆட்கள் காணாமல் போகிறார்கள். அவன் வீடு வீடாக, சுவர் சுவராகப் பார்த்துக்கொண்டே போகிறான். இடைவேளையில் நீ வாட்ச்மேன் என்று சொன்னாய். நான், வீரன் கூடவே டார்ச் பிடித்து வருகிற உதவியாளர் என்று சொன்னேன். பொறை எனக்குக் கிடைத்தது. வீடு வந்து சேர்ந்தோம். வாசலில் செருப்பைக் கழற்றும்போது, "எப்டிம்மா கண்டுபுச்சே?" என்றாய். "படம் பூரா அவன் இருக்கான், ஒருத்தரும் அவனைப் பாக்கல" என்றேன். சுவருக்குப் பின்னால் பார்க்கத் தெரிந்தவனுக்குச் சுவருக்கு முன்னால் நின்றவன் தெரியவில்லை. நீ அதை இப்போது உன் சேனலில் அடிக்கடி சொல்கிறாய், உன் சொந்தக் கண்டுபிடிப்பு மாதிரி. சொல்லிக்கொள்.

இனி புதன்கிழமை மத்தியானம் நடந்ததைச் சொல்கிறேன். ஜமால் பாய் இப்போது திண்டிவனம் ரோட்டில் டீக்கடை வைத்திருக்கிறார். நான் சர்க்கரை போடாத டீயோடு பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். இரண்டு பேர் புல்லட்டில் வந்து இறங்கினார்கள். ஏரியில் எந்திரத்துக்குப் பக்கத்தில் நின்று நான் பார்த்திருக்கிற முகங்கள். டீ சொன்னார்கள். குடித்தார்கள். மறுபடி டீ சொன்னார்கள். ஜமால் பாய் பால் சட்டியை எடுக்க உள்ளே போய்த் திரும்பி வரும் ஒவ்வொரு முறையும் இருவரும் அவர் காலைப் பார்த்தார்கள்.

"இன்னா பாய், கால் இன்னா ஆச்சு?" என்று பெரியவன் கேட்டான்.

"தியேட்டர்ல படி ஏறி ஏறி தேஞ்சு போச்சு. சக்கரை தூக்கலாவா, கம்மியாவா?"

"போஸ்டர்லாம் நீதான் ஒட்டுவியாமே, அப்போ."

"நானேதான்."

"பசை காய்ச்சத் தெரியும்னு சொல்லு."

"தெரியும். பரோட்டாவும் போடத் தெரியும். மைதா ஒண்ணுதான் தம்பி, சாப்புடுறவன் ஒட்டிக்கினா நான் பொறுப்பில்ல."

சின்னவன் சிரித்துவிட்டான். பெரியவன் திரும்பிப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டான். பெரியவன் குடித்து முடித்த கண்ணாடி டம்ளரை மேசையில் வைக்கவில்லை. கையை நீட்டி, தரைக்கு மேலே பிடித்து, விட்டுவிட்டான். உடைந்தது. "கை தவறிடுச்சு பாய்" என்றான். "ஞாயித்துக்கெழம அந்தச் சேனல்காரன் பேரச் சொல்றானாம். அதுவரைக்கும் பாப்போம். அதுக்கப்புறம் எவன் கை எங்க தவறுமோ." இருவரும் வண்டியை எடுத்துக்கொண்டு போனார்கள். ஜமால் பாய் முறத்தை எடுத்துவந்து கண்ணாடித் துண்டுகளை அள்ளினார். முகத்தில் ஒன்றும் இல்லை, அதே கேன்டீன் முகம். பெஞ்சில் நான் ஒருத்திதான் இருந்தேன். இவ்வளவுக்கும் நடுவில் அவர் ஒருமுறைகூட என் பக்கம் திரும்பவில்லை. தவறிக்கூட. அப்போதுதான் எனக்குப் புரிந்தது, அவருக்குத் தெரியும் என்று. இடைவேளையில் பதில் தெரிந்த மனிதர் எந்தப் பக்கம் பார்க்க மாட்டாரோ, அந்தப் பக்கம் அவர் பார்க்கவில்லை.

அவர்கள் போன பிறகு, "பாய், தெரியுமா உங்களுக்கு?" என்று கேட்டேன்.

"இன்னா தெரியும்? டீ ஆறிப்போச்சு, வேற போடவா லைப்ரரியம்மா?" என்றார்.

உன் துப்புகளை இப்போது திருத்தித் தருகிறேன். மயில்துத்தம் சரி. மைதாப் பசையில் ஒரு சிட்டிகை போட்டால் பூச்சி அரிக்காது. சினிமா போஸ்டர் ஒட்டுகிறவர்கள் போடுவார்கள். கிழிந்த புத்தகத்துக்கு அட்டை ஒட்டுகிறவர்களும் போடுவார்கள். நம் வீட்டுக் கொல்லையில் நீலக் கறை படிந்த ஒரு சட்டி எப்போதும் இருந்ததே, அதைத் தொட்டால் கையைக் கழுவு என்று நான் கத்துவேனே, அது ஞாபகம் வரவில்லையா? கால் சரி. ஜமால் பாய்க்கு மட்டும்தான் செஞ்சியில் முட்டி வலியா? போன வருஷம் நீ வாங்கி அனுப்பிய முட்டி உறை எந்தக் காலுக்கு என்று போனில் கேட்டாயே, நான் என்ன சொன்னேன்? எல்லாம் தெரிந்தும் வெளியே சொல்லாத தொழில் என்றாய். யார் எந்தப் புத்தகத்தை எடுத்துப்போனார்கள், எதை எடுத்து எதற்குள் ஒளித்து வைத்துப் படித்தார்கள் என்று ஓர் ஊரைப் பற்றி நூலகத்துக்காரிக்குத் தெரிவது கொஞ்சமில்லை. நான் யாரிடமாவது சொன்னேனா?

நீ துப்பறிந்தது முழுவதும் சரி. ஒரே ஓர் இடத்தில்தான் சறுக்கினாய். பிள்ளைகள் 'மனிதன்' என்றார்கள், நீ ஆணைத் தேடிப் போய்விட்டாய். உன் மேல் தப்பில்லை. நீ பார்க்கிற படங்களில் அம்மாக்கள் முதல் காட்சியிலேயே இறந்துவிடுகிறார்கள். மீதிப் படத்தில் அவர்கள் சுவரில் மாட்டிய போட்டோவாக இருந்து மகனுக்குக் கண்ணீர் வரவழைப்பதோடு சரி. அவர்கள் விடியற்காலையில் எழுந்து பசை காய்ச்சுவார்கள் என்று எந்த டைரக்டரும் சொல்லித்தரவில்லை.

நான்தான், தினேஷ். ஊரில் லைப்ரரியம்மா என்று கூப்பிடுகிறார்களே, அந்த உன் அம்மாதான். ஸ்வெட்டர் உன் நைனாவுடையது. மங்கி கேப்பும் அவருடையதுதான். கேமராவில் அதற்குக் கீழே தெரிந்த பேன்ட் என்னுடைய சுடிதார்.

எப்படி யாருக்கும் தெரியாமல் போனது என்று உன் ரசிகர்கள் கேட்பார்கள். ரகசிய அறையோ சுரங்கப்பாதையோ தேவைப்படவில்லை. எனக்குச் சர்க்கரை இருக்கிறது. டாக்டர் நடக்கச் சொல்லியிருக்கிறார். இந்த ஊரில் சர்க்கரை வந்த பொம்பளை விடியற்காலையில் எங்கே போனாலும் ஒருவரும் எதுவும் கேட்க மாட்டார்கள். கோட்டை ரோட்டில் என்னைப் பார்ப்பவர்கள், "வாக்கிங்கா?" என்பார்கள். ஆமாம் என்பேன். படம் எடுப்பது என் அம்மா ஊர் ஏரிக்கு மேலே இருக்கிற குன்றிலிருந்து. தொண்டூர்ப் பக்கம் இருக்கிற மாதிரி அங்கேயும் சமண முனிவர்களுக்குப் பாறையில் வெட்டிய படுக்கை இருக்கிறது. ஐம்புலனையும் அடக்குவதற்காக அவர்கள் படுத்த இடத்தில், நம்பர் பிளேட் தெரிகிறதா என்று பார்ப்பதற்காக நான் குப்புறப் படுத்திருந்தேன். கல் ஜில்லென்று இருக்கும். கீழே எந்திரம் உறுமுகிற சத்தம் நெஞ்செலும்பில் தெரியும். ஒருமுறை கீழே நின்றவன் டார்ச் அடித்துக் குன்றை மேலிருந்து கீழாகத் துழாவினான். வெளிச்சம் என் தலைக்கு மேலே உள்ள பாறையைத் தடவிக்கொண்டு போயிற்று. உன் படங்களில் அந்த இடத்தில் வயலின் வாசிப்பார்கள். எனக்கு முட்டி வலித்தது, அவ்வளவுதான் ஞாபகம் இருக்கிறது.

ஒட்டுவது அதைவிட மோசம். ஒருநாள் இதே சுவரில் பாதி ஒட்டிக்கொண்டிருக்கும்போது ஒரு லாரி மெதுவாக வந்து எனக்குப் பின்னால் நின்றது. அவர்களுடைய லாரிதான். சக்கரத்திலிருந்து ஏரி மண் ஈரமாக உதிர்ந்துகொண்டிருந்தது. டிரைவர் தலையை வெளியே நீட்டி, "இன்னா பெருசு, இந்நேரத்துல ஒட்டுறே? சாவா?" என்று கேட்டான். தாளை நெஞ்சோடு அணைத்து மறைத்துக்கொண்டு தலையாட்டினேன். "பெரிய சாவா?" மறுபடி ஆட்டினேன். நெஞ்சில் கை வைத்துக் கும்பிட்டுவிட்டுப் போய்விட்டான். கண்ணீர் அஞ்சலி ஒட்டுகிறவரை இந்த நாட்டில் யாரும் தடுக்க மாட்டார்கள். அவன் போன பிறகு மீதிப் பாதியையும் ஒட்டி முடித்தேன். அவன் கேட்டதற்கு நான் தலையாட்டியது பொய்யில்லை என்று பிறகு தோன்றியது. செத்தது ஏரிதானே.

ஏன் முகத்தை மூடினேன் என்று நீ கேட்க வேண்டும். கேட்பாய். அந்த ஏரிக்கரையில் வசந்தா இருக்கிறாள், என் சித்தி மகள், இரண்டு மாடு வைத்துப் பால் ஊற்றுகிறவள். அவர்கள் தோண்டிய பள்ளம் தண்ணீருக்கு அடியில் தெரியாமல், மாட்டை இறக்கும்போது உள்ளே போய்விட்டாள். மாட்டின் வாலைப் பிடித்துத்தான் மேலே வந்தாள். அவள் நேர்மையாக ஒரு மனு எழுதி, கையெழுத்துப் போட்டு, கொடுக்க வேண்டிய இடத்தில் கொடுத்தாள். இரண்டாம் நாள் அந்த மனுவின் படம் மண் முதலாளியின் ஆட்கள் போனில் இருந்தது. அவளிடமே காட்டினார்கள். "உன் கையெழுத்து நல்லா இருக்குதே" என்று பாராட்டினார்கள். அந்த வாரம் அவளுடைய வைக்கோல் போர் எரிந்தது. பீடி நெருப்பு என்று முடிவாயிற்று. அந்த வீட்டில் பீடி குடிக்கிறவர் யாரும் இல்லை. அன்றைக்குத்தான் நான் உன் நைனாவின் பீரோவைத் திறந்து மங்கி கேப்பை எடுத்தேன். பெயர் போட்டால் நெருப்பு, பெயர் போடாவிட்டால் பேச்சில்லை என்றால், முகத்தை மூடிக்கொண்டு பேசலாம் என்று நினைத்தேன். உன் படங்கள்தான் சொல்லித்தந்தன. குறை சொல்லவில்லை. கொஞ்ச நாள் வேலை செய்தது.

ஆனால் முகமூடிக்கு ஒரு குணம் இருக்கிறது, அதைப் பற்றி நீ ஒரு வீடியோவும் போட்டதில்லை. முகம் தெரியாதவன் மேல் வருகிற கோபம் எங்கேயாவது இறங்கியாக வேண்டும். அவனைப் போல நடக்கிறவன், அவனைப் போலப் பசை காய்ச்சத் தெரிந்தவன், யார் கிடைக்கிறாரோ அவர் மேல் இறங்கும். நான் குல்லாயைப் போட்டுக்கொண்ட அன்றே இந்த ஊரில் முட்டி வலி உள்ள எல்லாருடைய முகத்தையும் எடுத்து மாட்டிக்கொண்டேன் என்பது, அந்த டம்ளர் விழுந்து உடைகிறவரை எனக்குப் புரியவில்லை. நீ வீடியோவை நிறுத்திவிட்டால் மட்டும் போதும் என்றால் இந்தக் கடிதமே வேண்டாம். போதாது. நிறுத்தினால், 'மிரட்டியிருக்கிறார்கள், அப்போ பாய்தான்' என்பார்கள். நீ கொடுத்த மூன்று துப்புகளும் ஏற்கெனவே ஊருக்குள் நடமாடுகின்றன. தப்பான பெயரை அழிக்கச் சரியான பெயர் ஒன்றால்தான் முடியும்.

நேற்று உன் நைனாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். டிவியின் சத்தத்தைக் குறைத்துவிட்டு முழுவதையும் கேட்டார். படம் விட்ட பிறகு எழுந்து, கதை என்ன என்று கேட்கிறவர் முகம்.

"என் கேப்பையா போட்டுக்கினு போனே?" என்றார்.

"ஆமா."

"அதான் மைதா வாசன. நான் எலி இருக்குதுன்னு நெனச்சேன்." டிவியை முழுவதுமாக அணைத்தார். பிறகு, "வீட்டுக்கு வருவானுங்க" என்றார்.

"வருவாங்க."

"வசந்தா வூட்டுப் போரு மாதிரி..."

"நமக்குப் போரு இல்ல. ரெண்டு பீரோ, உங்க பழைய டிவிஎஸ். எரிச்சா அது ஒண்ணுதான் எரியும், அது ஓடியே மூணு வருசம் ஆச்சு."

அவர் சிரிக்கவில்லை. எனக்கும் பயமில்லாமல் இல்லை, தினேஷ். கோடு இல்லாத தாளில் எழுதுவதால் வரி மேலும் கீழும் போகிறது என்று படிப்பவர்கள் நினைத்துக்கொள்ளட்டும். ஆனால் ஒன்றை யோசித்துப் பார்த்தேன். வசந்தாவின் போர் அவள் பெயர் போட்டதனால் எரியவில்லை. அவள் பெயரைப் படித்தது அவர்கள் மட்டும் என்பதனால் எரிந்தது. ஒரு மேசையிலிருந்து ஒரு போனுக்குப் போன பெயர் அது. இந்தச் சுவரில் இருக்கிற பெயரை மேல்மலையனூர் போகிறவர், விழுப்புரம் போகிறவர், வளத்தி போகிறவர், கோட்டை பார்க்க வந்து கழிப்பறை தேடுகிறவர், எல்லாரும் படிப்பார்கள். நாளைக்கு எனக்கு ஒன்று நடந்தால், அது பீடி நெருப்பு என்று சொல்ல இவ்வளவு பேருக்கு நடுவில் கொஞ்சம் கூச்சப்பட வேண்டியிருக்கும். எனக்கு இருக்கிற கவசம் அவ்வளவுதான். கம்பளியைவிடக் கெட்டி என்று நம்புகிறேன்.

ஆகவே இதை விடியற்காலையில் ஒட்டவில்லை. மங்கி கேப் போடவில்லை. காலை பத்து மணிக்கு, பஸ் ஸ்டாண்டில் கூட்டம் இருக்கும்போது, நூலகத்துக்குக் கட்டிப்போன அதே பச்சைக் கரைப் புடவையில் வந்து ஒட்டுகிறேன். வாளியை உன் நைனா தூக்கிவருகிறேன் என்கிறார். ஜமால் பாயிடம் வர வேண்டாம் என்று சொல்லியிருக்கிறேன். "நான் எதுக்கு வரப்போறேன், எனக்கு இன்னா தெரியும்?" என்றார். பிறகு, "எத்தினி மணிக்கு?" என்று கேட்டார்.

உன்னிடம் கேட்பதற்கு ஒன்றுதான் இருக்கிறது. என்னைக் காப்பாற்ற ராத்திரி பஸ் ஏறி ஓடிவராதே. கடைசிக் காட்சியில் கூரையைப் பிய்த்துக்கொண்டு வந்து குதிக்கிற மகனை நான் வளர்க்கவில்லை, கூரைக்கு ஓடு மாற்றவும் ஆள் கிடைப்பதில்லை. ஞாயிற்றுக்கிழமை மாலை அத்தனை பேரும் உன் முன்னால் உட்கார்ந்திருப்பார்கள். அந்த அக்கா மகனும் உட்கார்ந்திருப்பான். சொன்ன நேரத்துக்கு வீடியோவைப் போடு. இந்தக் கடிதத்தை முதலிலிருந்து கடைசிவரை படி. ஜமால் பாய் இல்லை என்று சொல். உன் கணக்கு எந்த இடத்தில் சறுக்கியது என்று சொல், சறுக்கியதை மறைக்காமல் சொன்னால் உன் ரசிகர்கள் குறைய மாட்டார்கள். பிறகு ஏரியைக் காட்டு. போஸ்டர்களின் படங்கள் எல்லாம் என் போனில் இருக்கின்றன, உன் நைனா அனுப்புவார், அவருக்கு அனுப்பத் தெரியாது, இருந்தாலும் அனுப்புவார்.

படிக்கும்போது உன் முகத்தில் அந்தப் பாதி முகமூடி இருக்கக் கூடாது. உன் முகம் அவர்களுக்குத் தெரிந்துவிடும் என்று யோசிப்பாய். தெரிந்துவிடும். அதற்காகத்தான் சொல்கிறேன். ஒரு கிழவியைத் தொடுவது அவர்களுக்குச் சுலபம். அத்தனை பேர் முகம் பார்த்துப் பழகிய ஒருவனுடைய அம்மாவைத் தொடுவது அவ்வளவு சுலபமில்லை. உனக்குப் பயமாக இருந்தால், போடாமல் விட்டுவிடு. கோபித்துக்கொள்ள மாட்டேன். பெயர் எப்படியும் இங்கே ஒட்டியாயிற்று.

நம் இடைவேளை வழக்கப்படி, நீ உன் ஆளைச் சொன்னாய். நான் என் ஆளைச் சொல்லிவிட்டேன். ஜமால் பாய் இரண்டு பேருக்கும் தலையாட்டிவிட்டு, எந்தப் பக்கமும் பார்க்காமல் டீ ஆற்றிக்கொண்டிருக்கிறார். இந்த முறை பொறை எனக்கு வேண்டாம், நீயே எடுத்துக்கொள். மணி அடிக்கிறது, வெளிச்சத்தை அணைக்கப்போகிறார்கள். முகத்தைக் கழுவிக்கொண்டு உள்ளே வா.

அம்மா